புதுமனைத் தெருவில் கூப்பிட்டவர்கள்

காதர் பாய் கொடுத்தனுப்பிய பொட்டலம் என் பெட்டியில் பாதி இடத்தைப் பிடித்துக்கொண்டது. காப்பித் தூள், தலைவலித் தைலம், பாத்திக் அச்சுத் துணி, கருவாட்டு மணம் லேசாகக் கசியும் ஒரு டப்பா. மலேசியாவின் தைப்பிங்கில் என் பக்கத்து வீட்டுக்காரர் அவர். சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். நான் தமிழ்ப் பள்ளி ஆசிரியை. தஞ்சாவூரில் ஆசிரியர்களுக்கான பட்டறைக்குப் போகிறேன் என்று தெரிந்ததும் வேலியோரம் வந்து நின்றார்.

“டீச்சர், மன்னார்குடிப் பக்கம்தான் நம்ம ஊரு. அக்கா தனியா இருக்கு. ஒரு எட்டுப் போய்ப் பாத்துட்டு வந்துருங்க. போன்ல நல்லாத்தான் பேசுது. ஆனா நேர்ல பாத்த ஆள் யாராவது சொன்னாத்தான் எனக்கு மனசு ஆறும்.”

என் தாத்தா எந்த ஊரிலிருந்து மலாயாவுக்குக் கப்பல் ஏறினார் என்பது எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது. அதைத் தேடி நான் தஞ்சாவூருக்கு வரவில்லை. பட்டறை, பொட்டலம், அவ்வளவுதான் வேலை.

முதல் இரண்டு நாட்களும் பட்டறையிலேயே கழிந்தன. பெரிய கோயிலைப் பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள், நான் சாப்பாட்டைப் பற்றிச் சொல்கிறேன். விடுதிக்கு எதிரே ஒரு மெஸ். இலை போட்டுவிட்டு, சோற்றின் நடுவே நான் குழி பறிக்கும்வரை சாம்பார் வாளியோடு பொறுமையாக நின்றார் பரிமாறுபவர். எங்கள் ஊரில் தட்டைக் கையில் வாங்கிக்கொண்டு நாமே போய் உட்கார வேண்டும், நம்மை யாரும் கவனிக்க மாட்டார்கள். இங்கே கவனிக்காமல் விடமாட்டார்கள்.

“தனியாவா வந்திருக்கீங்க?” என்றார் பரிமாறுபவர்.

விடுதி மேலாளரும் அதையேதான் கேட்டார். பூ விற்கும் பெண்ணும் கேட்டாள். முதல் நாள் எரிச்சலாக இருந்தது. இரண்டாம் நாள், தைப்பிங்கில் இந்தக் கேள்வியை யாராவது கடைசியாக எப்போது என்னிடம் கேட்டார்கள் என்று யோசித்துப் பார்த்தேன். நினைவுக்கு வரவில்லை. அம்மா போனதிலிருந்து அந்த வீட்டில் நான் மட்டும்தான்.

பட்டறை முடிந்த மறுநாள் காலை மன்னார்குடிப் பேருந்தில் ஏறினேன். தை மாதப் பனி. தைப்பிங்கில் ஓயாத மழை உண்டு, இப்படி ஒரு பனியை நான் பார்த்ததில்லை. சாலை இல்லை, வயல் இல்லை, வானம் இல்லை. ஓட்டுநர் ஹாரனை அடித்துக்கொண்டே ஊர்ந்தார். எங்கோ ஓரிடத்தில் பின்பக்கச் சக்கரம் வெடித்து வண்டி ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது.

“எல்லாரும் எறங்குங்க. ஓரமாப் போயிராதீங்க, வாய்க்கா இருக்கு. வாய்க்கால்ல தண்ணியும் இருக்கு,” என்றார் நடத்துநர்.

இறங்கினோம். என் கையை நீட்டிப் பார்த்தேன், முழங்கை வரைக்கும்தான் இருந்தது. வெள்ளைக்குள் எங்கேயோ அறுவடை இயந்திரம் ஒன்று உறுமியது. அது இடது பக்கமா வலது பக்கமா என்று சொல்ல முடியவில்லை. சில சமயம் கால்களுக்கு அடியில் ஓடுவது போலவும் இருந்தது. கூட இறங்கியவர்கள் எல்லோரும் ஒரு நொடியில் கரைந்துபோனார்கள்.

அப்புறம் கூப்பிட ஆரம்பித்தார்கள்.

“கோவிந்தராசு, இருக்கியா?”

“இருக்கேன்யா.”

“தங்கச்சி, புள்ளைய எறக்கி விடாத, இடுப்புலயே வச்சிக்க.”

“இங்கதான்ணே நிக்கிறேன்.”

“சிவப்புப் பை வச்சிருந்த அம்மா, எங்க இருக்கீங்க?”

அது என்னைத்தான் என்று புரியக் கொஞ்ச நேரமாயிற்று. “இங்கே,” என்றேன். என் குரல் எனக்கே வேறு யாருடையதோ போலக் கேட்டது. “ரெண்டடி உள்ளார வாங்க. நீங்க ஓரத்துல நிக்கிறீங்க, சத்தம் தண்ணிப் பக்கத்துலேருந்து வருது,” என்றது அந்தக் குரல். நகர்ந்தேன். வெள்ளைக்குள்ளிருந்து வளையல் போட்ட ஒரு கை மட்டும் வந்தது. இலைத் துண்டில் இரண்டு இட்லி, மேலே எண்ணெய் விட்ட பொடி. “பசியாறுங்க. வேற வண்டி வர நேரமாவும்.”

வேறு வண்டி வந்து எல்லோரும் ஏறியபின் ஒவ்வொரு பெண்ணின் கையாகப் பார்த்தேன். எல்லோருமே வளையல் போட்டிருந்தார்கள்.

மன்னார்குடியில் பனி விலகி வெயில் வந்திருந்தது. பேருந்து நிலைய வாசலில் செல்வம் என்பவரின் ஆட்டோவைப் பிடித்தேன். நாற்பது வயதிருக்கும், பேச்சில் வேகம். சாலையின் பாதியில் நெல்லைக் காயப் போட்டிருந்தார்கள். நெல்லின் மேலேயே சக்கரத்தை ஏற்றி, குவியல்களைச் சுற்றி வளைந்து ஓட்டினார். போகும் ஊரைச் சொன்னபோது பேசாமல் தலையாட்டியவர், தெருவின் பெயரைச் சொன்னதும் கண்ணாடியில் என்னைப் பார்த்தார்.

“புதுமனைத் தெருவா? முனையில விட்டுடறேன்மா. உள்ள வரமாட்டேன்.”

“ஏன், ரோடு சரியில்லையா?”

“ரோடு நல்லாத்தான் இருக்கு. கூப்பிடும்.”

“யார் கூப்பிடுவாங்க?”

“வீடுங்க,” என்றார். சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். சிரிக்கவில்லை.

முனையில் ஒரு டீக்கடை. அங்கே இறக்கிவிட்டு, திரும்பும்போதும் அழைத்துப் போவதாகச் சொல்லி பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார். நான் பெட்டியை இழுத்துக்கொண்டு தெருவுக்குள் போனேன்.

இரண்டு பக்கமும் இரண்டு மாடி, மூன்று மாடி வீடுகள். வண்ணக் கண்ணாடி பதித்த சன்னல்கள், பளபளக்கும் இரும்புக் கதவுகள், கிரானைட் படிகள். வளைகுடாவிலும் சிங்கப்பூரிலும் லண்டனிலும் சம்பாதித்துக் கட்டியவை என்று காதர் பாய் சொல்லியிருந்தார். எல்லா வீடும் பூட்டியிருந்தது. படிகளில் சருகு. ஒரு வீட்டின் கார் மேல் போட்டிருந்த உறை கிழிந்து காற்றில் மெல்ல மூச்சுவிட்டுக்கொண்டிருந்தது. நாய்கூட இல்லை. என் பெட்டியின் சக்கரச் சத்தம் முன்னால் போய் எதிர் வீடுகளில் மோதித் திரும்பி வந்தது. ஒவ்வொரு வாசலிலும் மேலே ஒரு கேமரா.

காதர் பாயின் அக்கா ஜமீலா லாத்தாவின் வீடு மட்டும் பழைய ஓட்டு வீடு. வாசலில் கம்பிக் கேட், உள்ளே மரக் கதவு. கேட்டில் பால் பாக்கெட் தொங்கிக்கொண்டிருந்தது. தொட்டுப் பார்த்தேன். வெயிலில் சூடேறி உப்பியிருந்தது.

“லாத்தா!” என்று கூப்பிட்டேன். பதில் இல்லை.

“அக்கா.”

திரும்பினேன். தெருவில் யாரும் இல்லை.

“அக்கா, போயிராதீங்க. பச்சை கேட். மேல பாருங்க.”

எதிர் வீட்டுக் கேமராவில் ஒரு சின்ன வெளிச்சம் எரிந்தது. பெட்டியின் கைப்பிடியை இறுகப் பிடித்துக்கொண்டேன்.

“பயப்படாதீங்க அக்கா. என் பேரு நஸ்ரின். சார்ஜாவுலேருந்து பேசுறேன். இது எங்க வீடு. அந்த மாமி விடியக்காலை எந்திரிச்சு பால் எடுக்க வருவாங்க. தினமும் இங்கேருந்து நான் பாப்பேன். இன்னைக்கு வரல. கூப்பிட்டுக் கூப்பிட்டு தொண்டை போயிருச்சு.”

லாத்தாவின் பக்கத்து வீட்டுக் கேமரா செருமியது. வயதான ஆண் குரல். “தங்கச்சி, நான் ஹாஜா. லண்டன். பள்ளிவாசல் தெருவுல இருக்கற சொந்தக்காரனுக்குப் போன் பண்ணோம். திருச்சி ஏர்போர்ட்டுக்குப் போயிட்டேங்கறான். இன்னொருத்தன் வர்றேன்னான், காணோம். கீரை விக்கிற அம்மா ஒண்ணு வந்துச்சு. நான் கூப்பிட்டதும் கூடைய அங்கயே போட்டுட்டு ஓடிருச்சு.”

உண்மைதான். சாக்கடையோரம் ஒரு கூடை கவிழ்ந்து, முளைக்கீரை வாடிக் கிடந்தது.

“காதர் பாய்க்குச் சொன்னீங்களா?”

“அவரு போனை எடுக்கவே இல்ல அக்கா. கேமரா அலாரமும் அடிச்சுப் பாத்தாச்சு,” என்றாள் நஸ்ரின். அதற்குள் இன்னும் தள்ளி ஒரு வீட்டிலிருந்து வேறு குரல், “உள்ள போயிட்டாங்களா? ஆள் யாராவது உள்ள போயிட்டாங்களா?” என்றது. பதில் சொல்ல எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியாமல் தெருவின் நடுவில் நின்றேன். பட்டப்பகல். வெயில். ஆளில்லாத வீடுகள் ஒன்றோடொன்று பேசிக்கொண்டிருந்தன.

கேட்டுக்குள் கையை விட்டேன். கொக்கி மட்டும்தான் போட்டிருந்தது. உள்ளே போய் மரக் கதவை உள்ளங்கையால் தட்டினேன். அது உள்பக்கம் தாழிட்டிருந்தது. இன்னும் பலமாகத் தட்டிவிட்டுக் காதை வைத்தேன்.

வீட்டின் அடி ஆழத்தில் ஏதோ ஒரு பாத்திரம் தரையில் மோதியது. கொஞ்சம் பொறுத்து மறுபடியும்.

முனைக்கு ஓடினேன். செல்வம் டீ கிளாஸோடு எழுந்துவிட்டார், என் முகத்தைப் பார்த்தே. “கூப்பிட்டுச்சா?”

“ஒரு அம்மா உள்ளே விழுந்து கிடக்குறாங்க. கதவு உள்பக்கம் தாழ்ப்பாள்.”

கிளாஸைப் பெஞ்சில் வைத்துவிட்டு என்னைவிட வேகமாக ஓடினார். தெருவுக்குள் நுழையும்போது மட்டும் வாய்க்குள் தன் குலசாமி பெயரைச் சொல்லிக்கொண்டார்.

கதவு தேக்கு. அவர் தோளைக் கொடுத்து இடித்தும் அசையவில்லை. “இடிக்காதீங்க தம்பி,” என்றார் ஹாஜா. செல்வம் நிமிர்ந்து, குரல் வந்த சுவரையே பார்த்தபடி நின்றார். “நம்ம வீட்டு வழியாப் போங்க. கேட்டுல நம்பர் பூட்டு, சொல்றேன். சந்து வழியாக் கொல்லைக்குப் போனா சுவத்துல ஒரு சின்னக் கதவு இருக்கும். அந்தக் காலத்துல பொம்பளைங்க வீட்டுக்கு வீடு போக வச்சது. தெருவுல கால் வைக்காமயே இந்தக் கோடியிலேருந்து அந்தக் கோடி போயிரலாம். அடைக்கணும் அடைக்கணும்னு வருஷா வருஷம் பேசுவோம், அடைக்கல.”

எண்ணைச் சொன்னார். பூட்டு திறந்தது. முன்பின் பார்த்திராத ஒருவரின் வீட்டுச் சந்தில், அவர் லண்டனிலிருந்து வழி சொல்லச் சொல்ல, நாங்கள் இரண்டு பேரும் நடந்தோம். பக்கவாட்டுச் சன்னலின் வழியே உள்ளே பார்த்தேன். சாப்பாட்டு மேசை, அதைச் சுற்றி நாற்காலிகள், எல்லாவற்றின் மேலும் வெள்ளைத் துணி. யாரோ துணிக்கு அடியில் உட்கார்ந்து சாப்பாட்டுக்குக் காத்திருப்பது போல இருந்தது. அப்புறம் நான் சன்னல் பக்கம் திரும்பவே இல்லை.

கொல்லையில் தென்னை மட்டைகள் விழுந்து மக்கிக் கிடந்தன. சுவரில் அந்தக் கதவு, குனிந்துதான் போக முடியும். கீல் துருப்பிடித்திருந்தது. செல்வம் இரண்டு உதை விட்டதும் மறுபக்கம் சாய்ந்தது. ஜமீலா லாத்தாவின் சமையலறைப் பின்கதவு அரைகுறையாகத் திறந்திருந்தது.

அடுப்புக்கும் தண்ணீர்க் குடத்துக்கும் நடுவில் கிடந்தார். ஈரத் தரை. ஒரு கால் பொருந்தாத கோணத்தில் மடங்கியிருந்தது. கையில் ஓர் அலுமினியத் தட்டு. கண்கள் திறந்தே இருந்தன. என்னைப் பார்த்ததும் தட்டை விட்டுவிட்டு என் மணிக்கட்டைப் பிடித்தார். பனிக்கட்டி போல இருந்தது அந்தக் கை.

“யாரும்மா?”

“காதர் பாய் அனுப்பினாரு. தைப்பிங்கிலிருந்து. பக்கத்து வீடு.”

“மனுசிதானே?” என்றார்.

“ஆமா லாத்தா,” என்றேன். செல்வம் ஆம்புலன்ஸுக்குப் போன் போட்டார். நான் போர்வை ஒன்றைத் தேடி எடுத்து வந்து அவர் மேல் போட்டு, தலையை மடியில் வைத்துக்கொண்டேன். உதட்டைத் தண்ணீரால் நனைத்தேன். கொஞ்சம் சூடு ஏறியதும் பேசினார்.

“தொழுகைக்கு எந்திரிச்சேன். வழுக்கிருச்சு. கத்தலாம்னு பாத்தேன். அப்ப பேரைச் சொல்லிக் கூப்பிட்டாங்க. நஸ்ரின் குரலு. அது கல்யாணமாகிப் போயி எத்தனை வருசமாச்சு. அப்பறம் ஹாஜா அண்ணன். அப்பறம் கோடி வீட்டு ரஹ்மத்து. எல்லாரும் வாசல்ல நின்னுகிட்டு ஜமீலா, ஜமீலான்னு கூப்பிடுறாங்க. ஊர்லயே இல்லாதவங்க எப்படிம்மா கூப்பிடுவாங்க? என்னை அழைச்சிட்டுப் போகத்தான் வந்திருக்காங்கன்னு நெனச்சேன். பதில் கொடுத்தா போயிருவோம்னு, சேலையை வாயில வச்சுக் கடிச்சுக்கிட்டேன்.”

விடிந்ததிலிருந்து அத்தனை பேரும் அவரைக் காப்பாற்றக் கத்தியிருக்கிறார்கள். அந்தச் சத்தத்துக்குப் பயந்துதான் அவர் மூச்சுக் காட்டாமல் கிடந்திருக்கிறார்.

“அப்புறம் ஏன் தட்டை அடிச்சீங்க?”

“செருப்புச் சத்தம் கேட்டுச்சு. அப்பறம் கதவை யாரோ தட்டுனாங்க. கூப்பிட்டவங்க ஒருத்தருக்கும் கால் சத்தமே இல்லையே.”

வெளியே இன்னும் கூப்பிட்டுக்கொண்டுதான் இருந்தார்கள். “அக்கா, இருக்காங்களா? சொல்லுங்க அக்கா!” லாத்தாவின் பிடி இறுகியது. அவர் கேமரா வைத்துக்கொள்ளவில்லை. என்னை நானே எதுக்குப் பார்க்கணும் என்று தம்பியிடம் மறுத்துவிட்டாராம். எதிர் வீடுகளில் இருப்பது அவருக்குத் தெரியும், ஆனால் அவை பேசும் என்று யாரும் அவரிடம் சொல்லவில்லை. தெருவுக்குள் வரும் வெளியாட்களிடம் அவை எப்போதாவது பேசியதும் அவர் காதில் விழுந்ததில்லை. நஸ்ரின்கூட இதுவரை அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாளே தவிர, பேசியதில்லை.

செல்வத்தை அவர் பக்கத்தில் உட்காரவைத்துவிட்டு, முன்கதவின் தாழ்ப்பாளை நீக்கி வாசலுக்கு வந்தேன். தெருவைப் பார்த்துச் சொன்னேன். “உயிரோட இருக்காங்க. இடுப்புலதான் அடி. பேசுறாங்க.”

முதலில் பச்சை கேட் வீடு விம்மியது. பிறகு லாத்தாவின் பக்கத்து வீடு. கோடி வீடு. பூட்டிய கதவுகளுக்கு மேலே, அந்த வெயிலில், வீடுகள் அழுதன. ஆம்புலன்ஸ் சத்தம் தொலைவில் கேட்கும்வரை நான் அங்கேயே நின்றேன். ஓடிப்போக வேண்டும் போலவும் இருந்தது, போகக் கூடாது போலவும் இருந்தது.

மன்னார்குடி மருத்துவமனையில் எலும்பு முறிவு என்றார்கள். அறுவை சிகிச்சை செய்தால் நடக்க முடியும். இன்னும் சில மணி நேரம் கிடந்திருந்தால் கஷ்டம் என்றார் மருத்துவர். காதர் பாயிடம் அப்போதுதான் பேச முடிந்தது. கடையில் போனைக் கல்லாவில் வைத்துவிட்டு அடுப்படியில் நின்றிருக்கிறார். நடந்ததைச் சொன்னேன். “அக்கா கையைப் புடிச்சிருக்கீங்களா டீச்சர்?” என்றார். “ஆமா,” என்றேன். “நான் வர்ற வரைக்கும் விட்டுறாதீங்க.”

பயணத்தைத் தள்ளிப்போட்டேன். மாலையில் செல்வத்தின் மனைவி அமுதா தூக்குவாளியில் கஞ்சியும் பருப்புத் துவையலும் கொண்டு வந்தார். லாத்தாவுக்கு ஊட்டிவிட்டு, மிச்சத்தை என்னைச் சாப்பிடவைத்தார். “நீங்க போயித் தூங்குங்கக்கா, நான் பாத்துக்கறேன்,” என்றார். யாருக்கு யார் என்ன உறவு என்று பக்கத்துக் கட்டில்காரர்கள் குழம்பினார்கள். லாத்தா ஒவ்வொருவரிடமும் ஒவ்வொரு மாதிரி சொல்லிவைத்தார். அமுதாவை மருமகள் என்றார். என்னைத் தம்பி வீட்டுப் பிள்ளை என்றார்.

மறுநாள் அவருடைய மாற்றுத் துணிகளை எடுக்கப் புதுமனைத் தெருவுக்குப் போனேன். இந்த முறை செல்வம் ஆட்டோவை உள்ளேயே கொண்டுவந்தார். கேமராக்களைப் பார்த்து ஒரு சலாம் வைத்தார். “நல்லாருக்காங்க, சாப்பிட்டாங்க,” என்று இரண்டு பக்கமும் திரும்பிச் சொன்னார். அவரை வண்டியில் இருக்கச் சொல்லிவிட்டு நான் உள்ளே போய்த் துணிகளைப் பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்து கேட்டைச் சாத்தினேன்.

“அக்கா, அவசரமாப் போறீங்களா?” நஸ்ரின்.

“இல்லை, சொல்லும்மா.”

“எங்க படியில கொஞ்ச நேரம் உக்காருங்களேன்.”

“ஏதாவது பேசணுமா?”

“பேசல்லாம் வேணாம். சும்மா உக்காந்திருங்க. எங்க வாசல்ல ஆள் உக்காந்து பாத்து எவ்வளவு நாளாச்சு.”

சருகைக் காலால் ஒதுக்கிவிட்டு உட்கார்ந்தேன். கிரானைட் வெயிலில் சுட்டது. எங்கே பார்ப்பது, கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. தலைக்கு மேல் அந்தச் சின்ன வெளிச்சம் அணையாமல் எரிந்தது. யாரோ என் உச்சியைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்று தெரிந்தும் எழுந்திருக்க மனம் வரவில்லை. நஸ்ரின் பேசவில்லை. ஆனால் ஒலியை மூட மறந்திருந்தாள். முதலில் குக்கர் விசில். பிறகு ஒரு குழந்தை சிணுங்கும் சத்தம், அதைச் சமாதானப்படுத்தும் முணுமுணுப்பு, குழாயில் தண்ணீர். பூட்டிய வீட்டின் கதவில் முதுகைச் சாய்த்தபடி, அதற்குள் ஒரு குடும்பம் சமைத்துக்கொண்டிருப்பதைக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

எதிர்ப்பக்கம், லாத்தாவின் பக்கத்து வீடு செருமியது.

“தங்கச்சி, நிதானமா இருங்க, அவசரமில்ல,” என்றார் ஹாஜா. “அங்க முடிச்சிட்டு நம்ம வாசல்லயும் கொஞ்ச நேரம் வந்து உக்காருவீங்களா?”

“வர்றேன்,” என்றேன்.

நிமிர்ந்து பார்த்தேன். அதற்கு அடுத்த வீட்டுக் கேமராவிலும் வெளிச்சம் எரிந்தது. அதற்கும் அடுத்த வீட்டில். தெருவின் கோடி வரைக்கும்.